சமாரியர்: கெரிசீம் மலையை விட்டு நீங்காத இஸ்ரவேலர்

சமாரியர் என்போர் யார், அவர்கள் யூதர்களா, வேறு மதத்தவரா, அந்த மக்கள் இன்றும் உலகில் இருக்கிறார்களா என்பது கேள்வி. லூக்கா நற்செய்தியின் பத்தாம் அதிகாரத்தில் வரும் நல்ல சமாரியன் உவமையின் வழியாகவே நம்மில் பெரும்பாலோர் இந்தப் பெயரை அறிந்திருக்கிறோம். விபத்தில் அடிபட்டவருக்கு உதவுவோரைப் பாதுகாக்க 2019இல் மோட்டார் வாகனச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 134ஏ பிரிவும் அந்தப் பெயரையே தாங்கியிருக்கிறது. பெயர் இவ்வளவு தூரம் பரவியிருந்தும், அதற்குரிய மக்களைப் பற்றி நாம் அறிந்தது மிகக் குறைவு. அறிந்ததிலும் பெரும்பகுதி அவர்களோடு பகைகொண்டிருந்தவர்கள் எழுதிவைத்தது. ஆகவே அவர்கள் தம்மைப் பற்றிச் சொல்வதையும், அகழாய்வும் கல்வெட்டும் சொல்வதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் இந்தக் கேள்விக்கு நேர்மையான பதில் கிடைக்கும்.

சமாரியர் இன்றும் இருக்கிறார்கள். அவர்களுடைய மொத்த மக்கள்தொகை ஆயிரத்தை எட்டாது. அவர்களில் ஏறக்குறையப் பாதிப்பேர் மேற்குக் கரையில் நாபுலுஸ் நகரை ஒட்டிய கெரிசீம் மலைமேல் உள்ள கிரியாத் லூசா என்னும் ஊரிலும், மீதிப்பேர் இஸ்ரேலில் டெல் அவீவுக்குத் தெற்கே உள்ள ஹோலோன் நகரில் தங்களுக்கென்று அமைந்த குடியிருப்பிலும் வாழ்கிறார்கள். அவர்கள் தங்களை இஸ்ரவேலின் மக்கள் என்றே சொல்கிறார்கள். யூதா கோத்திரத்தின் வழிவந்த யூதர்கள் என்று சொல்வதில்லை. யோசேப்பின் மக்களான எப்பிராயீம், மனாசே ஆகியோரின் கோத்திரங்களிலிருந்து தாங்கள் வந்ததாகவும், தங்கள் ஆசாரியர்கள் லேவியின் வழியினர் என்றும் அவர்கள் நம்புகிறார்கள். யூத சமயத்திலிருந்து பிற்காலத்தில் கிளைத்த பிரிவு என்று அவர்களைக் கருதுவது பரவலான வழக்கம். பழைய இஸ்ரவேலரின் வழிபாடு இரண்டு மரபுகளாகத் தழைத்தது, ஒன்று எருசலேமைப் பற்றிக்கொண்டது, மற்றொன்று கெரிசீமைப் பற்றிக்கொண்டது என்று கொள்வதே சான்றுகளுக்குப் பொருந்துகிறது என்பது என் முடிவு.

அவர்களுடைய தோற்றத்தைப் பற்றி இரண்டு கதைகள் உண்டு. எருசலேம் மரபின் கதை இரண்டாம் இராஜாக்கள் 17ஆம் அதிகாரத்தில் உள்ளது. கி.மு. 722 வாக்கில் அசீரியர் வடக்கு இஸ்ரவேல் நாட்டின் தலைநகரான சமாரியாவைக் கைப்பற்றி, மக்களைச் சிறைப்படுத்திக் கொண்டுபோய், அவர்களுக்குப் பதிலாக பாபிலோன், கூத்தா, ஆவா, ஆமாத், செப்பர்வாயிம் ஆகிய இடங்களிலிருந்து அந்நியரைக் கொண்டுவந்து குடியேற்றினார்கள். குடியேறியவர்களைச் சிங்கங்கள் கொன்றன. அந்த நாட்டுத் தெய்வத்தை வணங்கும் முறையைக் கற்பிக்க ஆசாரியன் ஒருவன் அனுப்பப்பட்டான். அவர்கள் கர்த்தருக்குப் பயந்தும் தங்கள் சொந்த தேவர்களைச் சேவித்தும் வந்தார்கள் என்கிறது அந்த அதிகாரம். இதைக்கொண்டே பிற்கால யூத அறிஞர்கள் சமாரியரை, கூத்தா ஊரார் என்ற பொருளில், கூத்தியர் என்று அழைத்தார்கள். கலப்பினத்தார், அரைகுறை நம்பிக்கையினர் என்ற பழி அவர்கள்மேல் நிலைத்தது இந்தக் கதையால்தான்.

சமாரியர் சொல்லும் கதை இதைவிட மிகவும் பின்னால் போகிறது. யோசுவாவின் தலைமையில் கானானுக்குள் நுழைந்த இஸ்ரவேலர் கெரிசீம் மலையில் தங்கள் வழிபாட்டுக்குரிய ஆசரிப்புக் கூடாரத்தை நிறுவினார்கள் என்றும், சுமார் 260 ஆண்டுகள் இறைவனின் தயவு அவர்கள்மேல் தங்கியிருந்தது என்றும் அவர்கள் கணக்கிடுகிறார்கள். பிறகு ஏலி என்னும் ஆசாரியன், பிரதான ஆசாரியப் பட்டத்துக்கு உரியவனான உசியை ஏற்காமல் தன் ஆட்களோடு பிரிந்துபோய்ச் சீலோவில் போட்டி வழிபாட்டிடம் ஒன்றை அமைத்தான். அன்று முதல் ஆசரிப்புக் கூடாரம் மறைக்கப்பட்டது. இறைவன் முகத்தைத் திருப்பிக்கொண்ட காலம் தொடங்கியது. அது இன்றுவரை நீடிக்கிறது. தாவீதும் சாலொமோனும் எருசலேமில் ஆலயம் எழுப்பியதெல்லாம் ஏலி தொடங்கிய பிழையின் தொடர்ச்சியே என்பது இந்தக் கதையின் உட்பொருள். நம்முடைய விவிலியத்தில் சிறுவன் சாமுவேலை வளர்த்த முதியவராக வரும் ஏலி, சமாரியரின் நினைவில் சமூகத்தைப் பிளந்தவராக நிற்கிறார்.

இவ்விரண்டில் எது உண்மை என்று ஒரே சொல்லில் தீர்ப்புச் சொல்ல முடியாது. இரண்டுமே எழுதியவரின் பக்கம் நின்று எழுதப்பட்டவை. ஆனால் முதல் கதையின் அடிப்படை ஆட்டம் காண்கிறது என்பதை உறுதியாகச் சொல்லலாம். அசீரிய மன்னன் இரண்டாம் சார்கோன் தன் கல்வெட்டில் சமாரியாவிலிருந்து 27,290 பேரைக் கொண்டுபோனதாகக் குறிப்பிடுகிறான். எண்ணிக்கை பெரியதுதான், என்றாலும் நாடு முழுவதும் வெறுமையாவதற்கு அது போதாது. யூத வேதமே இதற்குச் சாட்சி சொல்கிறது. சமாரியாவின் வீழ்ச்சிக்குப் பிறகு யூதாவின் அரசன் எசேக்கியா, எப்பிராயீம், மனாசே நாடுகளில் தப்பி மீதியாயிருந்தவர்களை, எகிப்திலிருந்து விடுதலையானதை நினைவுகூரும் பஸ்கா பண்டிகைக்கு அழைத்ததை இரண்டாம் நாளாகமம் 30ஆம் அதிகாரம் கூறுகிறது. எருசலேம் ஆலயம் எரிக்கப்பட்ட பின், சீகேமிலும் சீலோவிலும் சமாரியாவிலும் இருந்து எண்பது பேர் தாடியைச் சிரைத்து, உடையைக் கிழித்துக்கொண்டு, காணிக்கையோடு கர்த்தருடைய ஆலயத்துக்கு வந்ததை எரேமியா 41ஆம் அதிகாரம் பதிவுசெய்திருக்கிறது. அந்நியரும் வந்து குடியேறினார்கள், பழைய குடிகளும் அங்கேயே இருந்தார்கள் என்பதுதான் பொருத்தமான விளக்கம்.

பாரசீகர் காலத்துச் சான்றுகள் இதை இன்னும் வலுப்படுத்துகின்றன. நெகேமியாவின் நூலில் எருசலேம் மதில் கட்டப்படுவதைத் தடுக்க முயலும் எதிரியாக வரும் சன்பல்லாத்து, சமாரியாவின் ஆளுநர். எகிப்தில் நைல் நதியின் எலிபன்டைன் தீவில் வாழ்ந்த யூதப் படைக்குடியினர், இடிக்கப்பட்ட தங்கள் ஆலயத்தை மீண்டும் கட்ட உதவி வேண்டி கி.மு. 407இல் எழுதிய கடிதம் பாப்பிரஸ் தாளில் கிடைத்துள்ளது. யூதேயாவின் ஆளுநருக்கு எழுதிய அக்கடிதத்தில், சமாரியாவின் ஆளுநரான சன்பல்லாத்தின் மகன்களான தெலாயாவுக்கும் செலேமியாவுக்கும்கூட முறையிட்டிருப்பதாகச் சொல்கிறார்கள். அவ்விரு பெயர்களின் ஈற்றிலும் இஸ்ரவேலின் இறைவனுடைய பெயர் நிற்கிறது. தன் பிள்ளைகளுக்கு அப்படிப் பெயரிட்டவன் எந்தத் தெய்வத்தை வணங்கினான் என்பதை விளக்க வேண்டியதில்லை. எருசலேம் பிரதான ஆசாரியனின் பேரன் ஒருவன் சன்பல்லாத்தின் மருமகனானதையும், நெகேமியா அவனைத் துரத்திவிட்டதையும் நெகேமியா 13ஆம் அதிகாரம் சொல்கிறது. இரு தரப்பினரும் பெண் கொடுத்துப் பெண் எடுக்கும் அளவுக்கு நெருங்கியே இருந்தார்கள்.

கெரிசீம் மலையுச்சியில் இருபதாம் நூற்றாண்டின் இறுதியில் பல ஆண்டுகள் நடந்த அகழாய்வு, அங்கே ஆலய வளாகம் கி.மு. ஐந்தாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலேயே எழுந்துவிட்டதைக் காட்டியது. மகா அலெக்சாந்தரின் காலத்தில்தான் அது கட்டப்பட்டது என்று யூத வரலாற்றாசிரியர் யோசேப்பு எழுதியதற்கு அது ஒரு நூற்றாண்டு முந்தியது. பலியிடப்பட்ட ஆடுமாடுகளின் எரிந்த எலும்புகள் ஏராளமாகவும், காணிக்கை அளித்தவர்களின் பெயர் பொறித்த நூற்றுக்கணக்கான கல்வெட்டுத் துண்டுகளும் அங்கே கிடைத்தன. அந்நிய தேவர்களுக்கான சிலையோ வழிபாட்டுச் சின்னமோ அந்த வளாகத்தின் அடையாளமாக இல்லை. இதோடு கிரேக்கத் தீவான டெலோஸில் 1979இல் வெளிப்பட்ட இரண்டு கல்வெட்டுகளையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். கி.மு. மூன்றாம், இரண்டாம் நூற்றாண்டுகளைச் சேர்ந்த அவற்றில், டெலோஸில் வாழ்ந்த சமாரியர் தங்களைப் புனிதமான அர்கரிசீனுக்குக் காணிக்கை அனுப்பும் இஸ்ரவேலர் என்று குறிப்பிட்டிருக்கிறார்கள். அர்கரிசீன் என்பது கெரிசீம் மலையே. பிறர் பின்னாளில் கூத்தியர் என்று பட்டம் சூட்டிய அவர்கள், கடல் கடந்த ஊரில் தங்களை எப்படி அறிமுகப்படுத்திக்கொண்டார்கள் என்பதை அந்தக் கல் நமக்குக் காட்டுகிறது. இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரிந்து வேறில்லை.

பிளவின் மையம் மலைதான். நாபுலுஸ் நகரம் இரண்டு மலைகளுக்கு நடுவே அமைந்திருக்கிறது. தெற்கே கெரிசீம், கடல்மட்டத்திலிருந்து சுமார் 880 மீட்டர். வடக்கே ஏபால், அதைவிடச் சற்று உயரம். பள்ளத்தாக்கின் கிழக்கு வாயிலில் பழைய சீகேமின் இடிபாடுகளும் யாக்கோபின் கிணறும் உள்ளன. கெரிசீமின்மேல் ஆசீர்வாதத்தையும் ஏபாலின்மேல் சாபத்தையும் கூற வேண்டும் என்று உபாகமம் 11ஆம் அதிகாரம் கட்டளையிடுகிறது. இதில் யூதருக்கும் சமாரியருக்கும் கருத்து வேறுபாடு இல்லை. யோர்தானைக் கடந்தபின் கற்களை நாட்டிப் பலிபீடம் கட்ட வேண்டிய மலை எது என்பதில்தான் இரண்டு வேதங்களும் பிரிகின்றன. யூதரின் உபாகமம் 27:4 ஏபால் என்கிறது. சமாரியரின் தோரா, அதாவது மோசேயின் ஐந்து நூல்கள், கெரிசீம் என்கிறது. ஆசீர்வாதத்தின் மலையை விட்டுச் சாபத்தின் மலையில் பலிபீடம் கட்டச் சொல்வது ஏன் என்ற சமாரியரின் கேள்வி எளிதில் தள்ளிவிடக்கூடியது அன்று. பழைய இலத்தீன் மொழிபெயர்ப்பின் கைப்பிரதி ஒன்றிலும் அந்த இடத்தில் கெரிசீம் என்றே இருப்பதால், சமாரியரின் பாடமே மூலத்துக்கு நெருங்கியது என்று கருதும் ஆய்வாளர்களும் உண்டு.

இன்னொரு வேறுபாடு இதைவிட நுட்பமானது. இறைவன் தம் பெயர் விளங்கும்படி தெரிந்துகொள்ளும் இடம் என்று யூதரின் உபாகமம் திரும்பத் திரும்பச் சொல்லும்போது, சமாரியரின் உபாகமம் தெரிந்துகொண்ட இடம் என்று சொல்கிறது. எதிர்காலமாக வாசித்தால், மோசே பெயர் சொல்லாமல் விட்ட அந்த இடம் பின்னர் தாவீதின் எருசலேமாக வெளிப்படலாம். இறந்தகாலமாக வாசித்தால், ஆபிரகாமும் யாக்கோபும் பலிபீடம் கட்டிய சீகேமின் பக்கத்திலேயே அது ஏற்கெனவே முடிவாகிவிட்டது. பத்துக் கட்டளைகளின் இறுதியில் கெரிசீம் மலையில் பலிபீடம் கட்டுவதைச் சமாரியர் பத்தாம் கட்டளையாகவே வைத்திருக்கிறார்கள். யூதர் முதற்கட்டளையாக எண்ணும் தொடக்க வாக்கியத்தை முன்னுரையாகக் கொள்வதால் எண்ணிக்கை பத்தை மீறுவதில்லை. இந்தக் கட்டளை பிற்காலத்தில் உபாகமத்தின் வசனங்களைக் கோத்துச் சேர்க்கப்பட்டது என்பதில் ஆய்வாளர்களிடையே பரந்த உடன்பாடு உள்ளது. சமாரியரின் தோராவை மொத்தமாகப் பார்த்தால் யூதரின் பாடத்திலிருந்து சுமார் 6,000 இடங்களில் வேறுபடுகிறது. பெரும்பாலானவை எழுத்துக்கூட்டல் வேறுபாடுகள். ஏறத்தாழ 1,900 இடங்களில் அது கிரேக்க மொழிபெயர்ப்பான செப்துவஜிந்தோடு ஒத்துப்போகிறது.

இந்த நூலை ஐரோப்பா அறிந்த விதமும் சொல்லத்தக்கது. இத்தாலியப் பயணி பியெத்ரோ தெல்லா வல்லே 1616இல் தமஸ்குவில் அதன் பிரதியை வாங்கினார். 1645இல் பாரிசில் வெளியான பன்மொழி விவிலியத்தில் அது அச்சேறியது. அதன்பின் சமாரியரின் பாடத்தை யூதரின் பாடத்தைத் திரித்து எழுதிய மாற்றுப் பிரதி என்று பல அறிஞர்கள் ஒதுக்கினார்கள். சாக்கடல் கரையோரக் குகைகளில் கிடைத்த பழைய யூதக் கைப்பிரதிகளான சாக்கடல் சுருள்கள் அந்த எண்ணத்தை மாற்றின. கும்ரான் குகைகளில் கிடைத்த பழைய எழுத்திலான யாத்திராகமப் பிரதி ஒன்று, கெரிசீம் கட்டளை நீங்கலாக, சமாரியரின் பாடத்தோடு பெரிதும் ஒத்திருந்தது. ஆக, சமாரியர் கையில் வைத்திருந்தது கி.மு. காலத்தில் யூதரிடையேயும் வழங்கிய பாடம். அதன்மேல்தான் தங்கள் மலைக்குரிய திருத்தங்களைச் செய்தார்கள். எழுத்தும் அப்படியே. யூதர் அரமேயச் சதுர எழுத்துக்கு மாறிவிட்ட பிறகும், பழைய எபிரெய எழுத்தின் நேர் வழித்தோன்றலைச் சமாரியர் இன்றும் எழுதுகிறார்கள். அவர்கள் மிகவும் போற்றும் தோராப் பிரதியான அபிஷா சுருள், ஆரோனின் கொள்ளுப்பேரன் அபிஷா கானானுக்குள் நுழைந்த பதின்மூன்றாம் ஆண்டில் எழுதியது என்பது அவர்களுடைய நம்பிக்கை; இடைக்காலத்தில் பல கைகளால் எழுதப்பட்ட பகுதிகள் அதில் இணைந்துள்ளன என்பது ஆய்வாளர்களின் கருத்து.

பகை முற்றியது கி.மு. இரண்டாம் நூற்றாண்டின் இறுதியில். எருசலேமின் அஸ்மோனிய ஆட்சியாளரும் பிரதான ஆசாரியருமான யோவான் ஹிர்கான் கெரிசீம் ஆலயத்தை இடித்தார். கிடைத்த நாணயங்களைக் கொண்டு அது கி.மு. 110 வாக்கில் நடந்திருக்க வேண்டும் என்று கணிக்கிறார்கள். ஒரே இறைவனை வணங்கிய ஆசாரியர் ஒருவர் அதே இறைவனின் ஆலயத்தை இடித்தது இரு மக்களின் உறவையும் முறித்துவிட்டது. யோவான் நற்செய்தியின் நான்காம் அதிகாரத்தில் கிணற்றங்கரைப் பெண், எங்கள் பிதாக்கள் இந்த மலையிலே தொழுதுகொண்டு வந்தார்கள், நீங்களோ எருசலேமிலேதான் தொழவேண்டும் என்கிறீர்களே என்று இயேசுவிடம் கேட்கும்போது, இடிந்த ஆலயம் அவள் தலைக்குமேல் மலையுச்சியில் கிடந்தது. நல்ல சமாரியன் உவமையின் கூர்மையும் அந்தப் பகையிலிருந்தே வருகிறது. ஆனால் யூத மரபு முழுவதும் ஒரே குரலில் பேசியது என்று எண்ணுவதும் தவறு. சமாரியர் ஏற்றுக்கொண்ட கட்டளையை இஸ்ரவேலரைவிடக் கவனமாகக் கைக்கொள்கிறார்கள் என்று ரபி சிமியோன் பென் கமாலியேல் என்னும் யூத ஆசான் கூறியதை, ரபிகளின் உரைகளைத் தொகுத்த தல்மூது பாதுகாத்திருக்கிறது. அவர்களை எப்போது சேர்த்துக்கொள்ளலாம் என்ற கேள்விக்கு, கெரிசீம் மலையை விட்டு எருசலேமையும் மரித்தோர் உயிர்த்தெழுதலையும் அவர்கள் ஒப்புக்கொள்ளும்போது என்று ரபிகளின் சிறுநூல் ஒன்று பதில் தருகிறது. பிரச்சினை இரத்தம் அன்று, மலை என்பதை அந்தப் பதிலே ஒப்புக்கொள்கிறது.

பிற்கால வரலாறு பெரும்பாலும் இழப்பின் வரலாறு. கி.பி. 36இல், மோசே புதைத்துவைத்த புனிதப் பாத்திரங்களைக் காட்டுவதாகச் சொன்ன ஒருவனை நம்பி மலையடிவாரத்தில் திரண்ட சமாரியர்மேல் ரோம ஆளுநன் பொந்தியு பிலாத்து படையை ஏவினான். அந்தப் படுகொலை பற்றிய முறையீடுதான் அவன் பதவி பறிபோகக் காரணமாயிற்று. 67இல் ரோமப் படை மலையில் 11,600 பேரைக் கொன்றதாக யோசேப்பு எழுதுகிறார். இடையில் பாபா ரப்பா என்னும் தலைவரின் காலத்தில் ஜெபக்கூடங்கள் எழும்பி, மார்க்கா, அம்ராம் தாரா போன்ற கவிஞர்கள் அரமேயத்தில் பாடல்கள் இயற்றிய மறுமலர்ச்சி ஏற்பட்டது. அவை இன்றும் வழிபாட்டில் ஓதப்படுகின்றன. பைசாந்தியப் பேரரசர் செனோ 484இல் கலகத்தை ஒடுக்கி, மலையுச்சியில் மரியாளுக்கு ஆலயம் கட்டினார். அதன் எண்கோண அடித்தளம் இன்றும் தெரிகிறது. 529இல் யூலியான் தலைமையில் எழுந்த பெரும் கிளர்ச்சியை ஜஸ்டினியனின் படைகள் நசுக்கின, பல்லாயிரவர் மாண்டனர். ஜெபக்கூடங்களை இடிக்கவும், சமாரியரின் சொத்து கிறிஸ்தவரல்லாத வாரிசுக்குப் போவதைத் தடுக்கவும் சட்டங்கள் வந்தன. சமாரியர் பேரெண்ணிக்கையிலிருந்து சிறுபான்மையானது அந்த ஆறாம் நூற்றாண்டில்தான். பின்னர் இஸ்லாமிய ஆட்சிக்காலத்தில் தமஸ்கு, காசா, கெய்ரோ ஆகிய நகரங்களில் அவர்களுடைய சமூகங்கள் தொடர்ந்தன. மதமாற்றமும் வரிச்சுமையும் வறுமையும் அவற்றை ஒவ்வொன்றாகக் கரைத்தன. ஆரோனின் மகன் எலெயாசாரின் வழிவந்த பிரதான ஆசாரியர் மரபு 1624இல் வாரிசின்றி முடிந்தது. அதன்பின் லேவி கோத்திரத்தின் மற்றொரு கிளை அப்பொறுப்பை ஏற்றது.

அவர்களுடைய நம்பிக்கை சில தூண்களின்மேல் நிற்கிறது: இறைவன் ஒருவர், மோசே ஒருவரே தீர்க்கதரிசி, தோரா ஒன்றே வேதம், கெரிசீம் ஒன்றே தொழத்தக்க இடம், நீதியும் தண்டனையும் வழங்கப்படும் நாள் ஒன்று வரும். மோசேயைப் போன்ற ஒருவர் எழும்புவார் என்ற உபாகமம் 18ஆம் அதிகாரத்தின் வாக்கை வைத்து, தாஹெப் என்பவர் வந்து மறைந்த கூடாரத்தை மீட்டுத் தயவின் காலத்தைத் திரும்பக் கொண்டுவருவார் என்று காத்திருக்கிறார்கள். தோராவைத் தவிர வேறு வேதம் இல்லாததால், தாவீதின் சங்கீதங்களுக்கோ ஏசாயாவுக்கோ அவர்களிடம் வேத அதிகாரம் இல்லை. யூதரின் பூரிம், ஹனுக்கா ஆகிய பண்டிகைகளும் அவர்களுக்கு இல்லை. யூதர் அணியும் ஜெபப்பட்டைகளையும் அவர்கள் அணிவதில்லை.

தோராவின் சொல்லை அப்படியே கடைப்பிடிக்கும் அவர்களுடைய உறுதியைக் கண்டு நான் வியப்பதுண்டு. ஓய்வுநாளில் நெருப்பு மூட்டுவதோ சமைப்பதோ வண்டியில் போவதோ இல்லை. வெள்ளிக்கிழமை மாலையிலும் சனிக்கிழமை விடியுமுன்னரும் ஜெபக்கூடத்துக்குப் போகும்போது வெண்ணிற நீளங்கி அணிந்து, கைகால் முகம் கழுவி, வாசலில் காலணியைக் கழற்றிவிட்டு, விரிப்பின்மேல் அமர்ந்து, கெரிசீமை நோக்கி நெற்றி தரையில் படும்படி வணங்குகிறார்கள். ஆதியாகமத்தின் முதல் வசனத்தை அவர்கள் பாராஷித் பாரா எலூவேம் என்று ஓதுவதைக் கேட்டால், யூதரின் உச்சரிப்புக்குப் பழகிய காதுக்கு அது வேறு மொழிபோலத் தோன்றும். இறைவனின் பெயர் வருமிடத்தில் அதைச் சொல்லாமல் ஷேமா என்பார்கள். ஆண் குழந்தைக்கு எட்டாம் நாளில் விருத்தசேதனம் செய்கிறார்கள். பிள்ளைகள் பழைய எழுத்தைக் கற்று தோரா முழுவதையும் வாசித்து முடிக்கும் நாள் குடும்ப விழாவாகக் கொண்டாடப்படுகிறது. மாதவிலக்கின்போது பெண் ஏழு நாட்கள் தனித்திருக்கிறாள். ஆண் குழந்தை பெற்றால் நாற்பது நாட்களும் பெண் குழந்தை பெற்றால் எண்பது நாட்களும் விலகியிருக்கிறாள். அந்நாட்களில் வீட்டு வேலையைக் கணவனும் உறவினரும் பார்த்துக்கொள்கிறார்கள். இன்றைய பெண்களுக்கு இது எவ்வளவு பெரிய சுமை என்பதை மறுக்க முடியாது; அதை ஏற்றுத்தான் அந்தச் சமூகம் தொடர்கிறது என்பதையும் சொல்லாமல் விட முடியாது.

கூடாரப் பண்டிகைக்கு யூதர் வீட்டுக்கு வெளியே குடில் அமைப்பார்கள். சமாரியரோ வீட்டின் நடுக்கூடத்துக்குள்ளேயே அமைக்கிறார்கள். பைசாந்தியர் காலத்துத் துன்புறுத்தலுக்கு அஞ்சி உள்ளே கொண்டுவந்தது நிலைத்துவிட்டது என்று அவர்கள் காரணம் சொல்கிறார்கள். கூரைக்குக் கீழே உலோகச் சட்டம் கட்டி, மாதுளை, கடாரங்காய் வகை எலுமிச்சை, ஆப்பிள் முதலிய கனிகளை நூற்றுக்கணக்கில் வடிவம் வடிவமாகக் கோத்துத் தொங்கவிடுவார்கள். வருவோர் அந்தக் கனிப்பந்தலின்கீழ் அமர்ந்து உபசரிக்கப்படுவார்கள். பாவநிவாரண நாளில் பால்குடி மறவாத குழந்தைகளைத் தவிர எல்லோரும், சிறுவர் உட்பட, முழுநாளும் உண்ணாமல் பருகாமல் இருந்து தொழுகிறார்கள்.

ஆனால் எல்லாவற்றுக்கும் சிகரம் பஸ்காதான். எருசலேம் ஆலயம் கி.பி. 70இல் அழிந்ததோடு யூதரிடையே பஸ்கா ஆட்டைப் பலியிடும் முறை நின்றுபோயிற்று. யாத்திராகமம் 12ஆம் அதிகாரம் சொல்லும்படி அதை இன்றும் நிறைவேற்றுவோர் சமாரியர். முதல் மாதத்தின் பதினான்காம் நாள் மாலை, மக்கள் முழுவதும் கெரிசீமில் கூடுவார்கள். ஆண்கள் வெள்ளை உடையில், தங்கள் குடும்பத்து ஆட்டுக்கடாக்களைப் பிடித்துக்கொண்டு நீண்ட வாய்க்கால் ஓரமாக நிற்பார்கள். நிலத்துக்குள் ஆளுயரத்துக்கும் மேல் ஆழமாகக் கல்வைத்துக் கட்டிய அடுப்புக் குழிகளில் மதியத்திலிருந்தே விறகு எரிந்துகொண்டிருக்கும். பிரதான ஆசாரியர் உயர்ந்த இடத்தில் நின்று அந்த அதிகாரத்தை ஓதுவார். சூரியன் மறையும் நேரத்தில், இஸ்ரவேல் சபையின் கூட்டத்தார் எல்லாரும் அதை அடிக்கக்கடவர்கள் என்ற வசனம் வந்ததும் கத்திகள் ஒரே சமயத்தில் இறங்கும். உடனே எங்கும் ஆரவாரமும் தழுவலும் வாழ்த்தும். நெற்றியில் இரத்தத்தைத் தொட்டு வைத்துக்கொள்வோரும் உண்டு. கொதிநீர் ஊற்றி உரோமத்தை நீக்கி, பழுது உள்ளதா என்று சோதித்து, கொழுப்பையும் குடலையும் பலிபீடத்தில் எரித்து, உப்பிட்டு, ஒரு எலும்பும் முறியாமல் முழு ஆட்டையும் நீண்ட மரக்கம்பியில் செருகுவார்கள். எல்லாக் கம்பிகளையும் ஒரே நேரத்தில் குழிகளில் இறக்கி, வாயை வலையும் புல்லும் மண்ணும் கொண்டு புகை கசியாமல் அடைத்துவிடுவார்கள். நள்ளிரவை ஒட்டித் திறந்து, இறைச்சியைப் புளிப்பில்லாத அப்பத்தோடும் கசப்பான கீரையோடும் விரைவாக உண்பார்கள். அந்த அப்பம் யூதர் உண்ணும் மொறுமொறுப்பான தகடு போன்றதன்று. நம் வீட்டுச் சப்பாத்தியைப் போல மெல்லியது, மடித்துச் சுருட்டக்கூடியது. விடியும்வரை மீந்ததெல்லாம் எலும்போடு நெருப்பில் எரிக்கப்படும். பலிநாள் வெள்ளிக்கிழமையில் வந்தால், ஓய்வுநாள் பிறக்குமுன் முடியும்படி எல்லாவற்றையும் முன்னதாகவே தொடங்கிவிடுவார்கள்.

முதல் உலகப் போரின் முடிவில் இந்த மக்கள் ஏறக்குறைய 150 பேராகக் குறைந்திருந்தார்கள். அவர்களில் பெண்கள் குறைவு. இளைஞர்களுக்கு மணப்பெண் கிடைக்கவில்லை. அவர்கள் மீண்டதற்கு யூதப் பெண்களை மணக்க அனுமதித்தது ஒரு காரணம். பின்னாளில் இஸ்ரேலின் இரண்டாம் குடியரசுத் தலைவரான யிட்சாக் பென்-சுவி அவர்கள்மேல் வைத்த நீடித்த அக்கறை மற்றொரு காரணம். ஹோலோன் குடியிருப்பு 1950களில் உருவானதில் அவருடைய பங்கு பெரிது. 1948 முதல் 1967 வரை எல்லை அவர்களைப் பிரித்துவைத்தது. இஸ்ரேலில் இருந்தவர்களுக்கு யோர்தான் அரசின் அனுமதியோடு பஸ்காவுக்கு மட்டுமே மலையேற வாய்ப்புக் கிடைத்தது. நாபுலுஸின் பழைய குடியிருப்பில் இருந்தவர்கள், 1987இல் பாலஸ்தீன எழுச்சி தொடங்கியபின் பாதுகாப்புக் கருதி மலைமேல் குடியேறினார்கள். மலையில் இருப்போர் அரபு மொழி பேசி, நாபுலுஸில் கடை வைத்தும் வேலை பார்த்தும் பிழைக்கிறார்கள். எள்விழுது தயாரிப்பில் அவர்களுக்கு நல்ல பெயர் உண்டு. ஹோலோனில் இருப்போர் எபிரெயம் பேசி, இஸ்ரேலிய இராணுவத்தில் பணியாற்றுகிறார்கள். மலையில் உள்ளவர்களில் பலரிடம் பாலஸ்தீன, இஸ்ரேலிய அடையாள ஆவணங்கள் இரண்டும் இருக்கின்றன. 1996இல் பாலஸ்தீன சட்டமன்றத்தில் அவர்களுக்கென்று ஓர் இடம் ஒதுக்கப்பட்டிருந்தது. இரண்டு அரசுகளோடும் பகையில்லாமல் இருப்பதே அவர்களுடைய கொள்கை. அந்த நிலத்தில் அது எவ்வளவு கடினம் என்பது சொல்லாமலே விளங்கும்.

சில குடும்பங்களுக்குள்ளேயே நூற்றாண்டுகளாக மணம் நடந்ததால் பிறவிக் குறைபாடுகள் மிகுந்தன. இப்போது நிச்சயதார்த்தத்துக்கு முன் மரபணுச் சோதனை செய்துகொள்கிறார்கள். சமாரிய நெறியை ஏற்றுக்கொண்டு வரும் யூதப் பெண்களோடு, அண்மைக் காலத்தில் உக்ரைன் முதலிய நாடுகளிலிருந்து வரும் பெண்களையும் ஆண்கள் மணக்கிறார்கள். சமாரியப் பெண் வெளியாரை மணந்தால் அவள் சமூகத்தை விட்டு நீங்கியவளாகவே கருதப்படுகிறாள். ஆண்வழி மரபணுவை ஆராய்ந்த ஆய்வுகள் அவர்களுக்கும் யூதருக்கும் பொதுவான பழைய முன்னோர் இருந்ததைச் சுட்டுகின்றன. இரண்டாம் இராஜாக்களின் கதையை மட்டும் நம்பியவர்கள் எதிர்பார்த்திராத முடிவு அது.

பஸ்காவை நேரில் காண விரும்புவோர்க்கு ஒரு குறிப்பு. பலிக்கு வெளியாரும் வந்து நின்று பார்க்கலாம். ஆனால் யூதரின் நாட்காட்டியை வைத்து நாளைக் கணக்கிடக் கூடாது. சமாரியரின் நாட்காட்டி வேறு, சில ஆண்டுகளில் இரு பண்டிகைகளுக்கும் ஏறத்தாழ ஒரு மாத இடைவெளி விழும். நாளைக் கணித்து ஆண்டுக்கு இருமுறை மக்களுக்கு வழங்குவது ஆசாரியக் குடும்பத்தின் பொறுப்பு. அவர்கள் அறிவிக்கும் நாளை உறுதிசெய்துகொண்டு, வெயில் சாய்வதற்கு முன்பே கிரியாத் லூசாவுக்குப் போய்ச் சேர்ந்துவிட வேண்டும்.